நைனாவின் வீரமரணம்

என் அண்ணன் கிஷோர் போர்ப் படங்களுக்குக் கதை வசனம் எழுதுகிறவன். காலேஜில் என்.சி.சி. கேம்புக்குப் போய் மறுநாளே காய்ச்சலோடு திரும்பி வந்த வீரன். சீனப் போர், பங்களாதேஷ் போர் என்று இரண்டு படம் எழுதித் தெலுங்கு ஜனங்களை அழவைத்துவிட்டான். இரண்டிலும் கதாநாயகன் கொடியைக் கட்டிக்கொண்டு செத்துப்போவான்.

மூன்றாவதுக்குக் கார்கில் வேண்டுமென்றார்கள். அதற்கு வீட்டிலேயே ஆள் இருந்தார், எங்கள் அப்பா. நைனா அங்கே இடதுகாலைக் கொடுத்துவிட்டு வந்து, நகரியில் பவர்லூம் ஓட்டுகிறார். போரைப் பற்றி வாயே திறக்காத மனிதர், மகன் பிழைப்பாயிற்றே என்று எல்லாவற்றையும் சொன்னார். பதிலுக்குக் கேட்டது ஒன்றுதான்.

"கடைசீல என்னைச் சாவடிச்சிடாதடா. உயிரோட வந்ததுதான் என் கதையே."

"சத்தியமா மாட்டேன் நைனா" என்றான்.

படத்தில் நைனா செத்துப்போனார். தயாரிப்பாளர் மாற்றச் சொன்னாராம், இவனும் மாற்றிவிட்டான். 'உண்மைக் கதை' என்று போஸ்டர் வேறு. படம் பிய்த்துக்கொண்டு ஓடியது. புத்தூரில் யாரோ நைனா பெயர் போட்டுக் கண்ணீர் அஞ்சலி பேனரே வைத்தார்கள். பஸ்ஸிலிருந்து அதைப் பார்த்தவர், வீட்டுக்கு வந்து தறியை ஓடவிட்டு அதன் முன்னால் உட்கார்ந்துகொண்டார்.

திருப்பதியில் வெற்றி விழா. அம்மாவை மேடையில் கௌரவிக்கப்போவதாகச் சொன்னார்கள். நைனாவுக்கு அழைப்பில்லை. செத்தவருக்கு யார் பத்திரிகை வைப்பார்கள்? அண்ணன் கெஞ்சியதால் அம்மா கிளம்பினாள். துணைக்கு நானும் போனேன்.

அலிபிரி பக்கத்து ஹோட்டலில், மேடை ஏறுகிற நேரம். கம்பெனி மேனேஜர் சாய்குமார் அம்மாவின் நெற்றியையே பார்த்தார். அப்புறம் அண்ணனைத் தனியே கூப்பிட்டுப் பேசினார். திரும்பி வந்த அண்ணன் கையில் டிஷ்யூ பேப்பர்.

"அம்மா, கொஞ்ச நேரந்தாம்மா. பொட்டும் பூவும் மட்டும். தாலிய முந்தானைல மூடிக்கலாம். அடுத்த படமும் எனக்கே தர்றாங்கம்மா."

"பாவி, நைனா வூட்ல குத்துக்கல்லாட்டம் உக்காந்துக்கினு கீறாருடா!" என்று கத்தினேன்.

அம்மா என்னைத் தடுத்தாள். பேப்பரை வாங்கித் தானே துடைத்துக்கொண்டாள். பிள்ளைப் பாசம் கண்ணை மறைக்கும் என்பார்கள், நெற்றியையும் அழிக்கும் என்று அன்றைக்குத்தான் பார்த்தேன். சால்வை போட்டார்கள், எல்லோரும் எழுந்து நின்று கை தட்டினார்கள். அண்ணன் ஓரமாக நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டான். அவனை ஓங்கி ஒரு அறை விடலாம்போல் இருந்தது எனக்கு.

விழா யூட்யூபில் லைவாகப் போயிருக்கிறது. நைனா அதைப் பார்ப்பாரே என்ற யோசனை எங்கள் மூன்று பேருக்குமே வரவில்லை. சாயங்காலம் வீட்டு முன்னால் இறங்கியபோது, கட்டையை ஊன்றிக்கொண்டு வாசலிலேயே நைனா நின்றிருந்தார். பக்கத்தில் ஒரு குடம் தண்ணீர், சொம்பு.

"சாவுக்குப் போய்ட்டு வந்தவங்க அப்டியே உள்ள வரலாமா? தலைக்கு ஊத்திக்கினு வாங்க."

அம்மா படியிலேயே உட்கார்ந்து ஓவென்று அழுதாள். நைனாவே அவள் தலையில் தண்ணீர் ஊற்றினார். பிறகு சட்டைப் பையிலிருந்து குங்குமச் சிமிழை எடுத்து, ஈர நெற்றியைத் துடைத்துப் பொட்டு வைத்தார்.

அண்ணனும் சட்டையைக் கழற்றிவிட்டு முன்னால் வந்து குனிந்தான். நைனா சொம்பைக் கீழே வைத்தார்.

"நீ ஏண்டா குனியறே? நீ சாவுக்குப் போனவன் இல்ல, கொள்ளி வெச்சவன். திருப்பதிலேருந்துதானே வர்றே? அப்டியே ஒரு மொட்டை அடிச்சிக்கினு வந்திருக்கக் கூடாது?"