காலைத் தூக்குங்க

நியூயார்க்கில் வீட்டுக்கு வீடு தொலைக்காட்சி வந்துகொண்டிருந்த காலத்தில், நெட் ஹார்கின்ஸின் இரவு அரட்டை நிகழ்ச்சி நடந்த அரங்கைத் துடைத்தவள் நான். பெயர் ஹலினா. என் தரையில் ஒரு சிகரெட் துண்டைக் காட்ட யாராலும் முடிந்ததில்லை.

என் அருமை தெரியாத ஒரே ஆள் என் புருஷன் சிக்முண்ட். ராத்திரி எதிர் சேனலில் ஓடும் பழைய சினிமாதான் அவனுக்கு வேண்டும். "உங்க ஆளு பேசியே கொல்றான். இங்க குதிரையாவது ஓடுது" என்பான். ஊரில் பலரும் அவன் கட்சி. அதனால் விளம்பரம் கொடுக்கும் சோப்புக் கம்பெனி கெடு வைத்தது. வெள்ளிக்கிழமை ராத்திரி பல வீடுகளுக்குப் போன் போட்டு, எந்தச் சேனல் ஓடுகிறது என்று கேட்பார்கள். பாதி வீட்டிலாவது நாங்கள் இல்லையென்றால் நிகழ்ச்சியை மூட்டை கட்ட வேண்டியதுதான். நாற்பது பேருக்கு வேலை போகும், எனக்கும்தான்.

அன்றைக்கு சினிமா முடியும்வரை தாக்குப்பிடிக்க நிகழ்ச்சியைக் கால் மணி நேரம் நீட்டினார்கள். காபி கொண்டுவருபவன்வரை எல்லோருக்கும் சொன்னார்கள். துடைப்பவளிடம் சொல்ல யாருக்கும் தோன்றவில்லை.

பன்னிரண்டரைக்கு வழக்கம்போலப் பின்பக்கமாக வாளியோடு நுழைந்தேன். விருந்தாளியாக வரவேண்டிய நடிகை வரவில்லை. பேச்சுச் சரக்குத் தீர்ந்துபோய் நெட் மேசை முன்னால் பேசாமல் உட்கார்ந்திருந்தார். நிகழ்ச்சி முடிந்துவிட்டது என்றே நினைத்தேன்.

"காலைத் தூக்குங்க" என்றேன்.

தூக்கினார். விளக்குகளுக்கு அப்பால் இருட்டில் ஜனங்கள் சிரித்தபோதுதான் நிகழ்ச்சி இன்னும் ஓடிக்கொண்டிருப்பது புரிந்தது. ஓடியிருக்கலாம். ஆனால் பாதி துடைத்த தரையை விட்டு நான் போனதே கிடையாது.

"நம்ம நிகழ்ச்சி எப்படிம்மா?" என்றார் நெட்.

"நான் உங்க குப்பையைத்தான் பாக்கறேன். நேத்து வந்த பாடகர், மென்னு முடிச்ச சூயிங்கத்தை நாற்காலிக்கு அடியில ஒட்டிட்டுப் போயிருக்கார். இதோ."

"உங்க வீட்டுல பாக்கறாங்களா?"

"எங்க வீட்டுக்காரர் குதிரை பாக்கறார். இருபது வருஷமா நான் பேசறதையே கேக்கல, நீங்க பேசறதையா கேக்கப்போறார்?"

கால் மணி நேரம் போனதே தெரியவில்லை. வீட்டுக்கு வந்தால் சிக்முண்ட் குறட்டை விட்டுக்கொண்டிருந்தான். காலையிலும் வாயைத் திறக்கவில்லை. குதிரைதான் பார்த்திருப்பான் என்று முடிவு கட்டினேன்.

திங்கட்கிழமை கணக்கு வந்தது. பாதிக்கு மேலேயே எங்களுக்கு. நிகழ்ச்சி பிழைத்தது. நெட் என்னைக் கூப்பிட்டு, போன் செய்தவர்கள் எழுதிய தாள்களில் ஒன்றை என் கையில் கொடுத்தார். எங்கள் வீட்டுப் போன் எண். கீழே இப்படி இருந்தது: 'சேனல் சொல்ல மறுத்துவிட்டார். பெண்டாட்டியைப் பார்த்துக்கொண்டிருப்பதாகவும் போனை வைக்கும்படியும் கூறினார்.'

அந்தத் தாளோடு வீட்டுக்குப் போய், துடைப்பத்தைக் கையில் எடுத்தபடி அதை அவன் மடியில் போட்டேன்.

"குதிரை எங்கே?" என்றேன்.

சிக்முண்ட் இரண்டு காலையும் தூக்கிக்கொண்டான்.