கடைசிவரை நின்றவர்களுக்கு மட்டும்

சித்தி வீட்டார் இல்லாத நம் குடும்ப குரூப்பில், உங்கள் நெட்டைதான் பேசுகிறேன். வயது இருபத்து நான்கு. இருப்பது ஒரு ஆஸ்பத்திரியின் அடித்தளத்தில், சலவை அறையில், இஸ்திரி மெஷினுக்குப் பின்னால். நான் சொல்லச் சொல்ல போன் எழுதுகிறது. நம் வீட்டுப் பேச்சு அதற்குப் பிடிபடவில்லை. அதனால் செய்தி வாசிப்பவன் மாதிரி பேசுகிறேன், சிரிக்காதீர்கள். போனில் பேசிக்கொண்டதை மட்டும் கையால் தட்டியிருக்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை சித்தி மகன் கூப்பிட்டான். நம் டமாரம்தான்.

"அண்ணா, தீர்ப்பு வந்துடுச்சு! அந்தக் கேள்விக்கு ரெண்டு விடையும் சரிதானாம். நாலு மார்க் குடுக்கச் சொல்லிட்டாங்க. மெடிக்கல் சீட்டு கிடைச்சிடுச்சுண்ணா!"

"எனக்கு?"

"கடைசிவரைக்கும் கேஸ்ல நின்னவங்களுக்கு மட்டுந்தானாம். நீதான் வாபஸ் வாங்கிட்டியே."

நுழைவுத் தேர்வில் அந்தக் கேள்விக்கு நாங்கள் இருவரும் ஒரே விடையைத்தான் எழுதினோம். மொத்தத்தில் அவனைவிட எனக்கு ஆறு மார்க் அதிகம். வக்கீலைத் தேடிப் பிடித்ததும் நான். அவன் என் வாலைப் பிடித்துக்கொண்டு வந்தவன். பிறகு எனக்கு விசா வந்தது. "தீர்ப்பு வர்றதுக்குள்ள உனக்குத் தலை நரைச்சிடும், கையெழுத்தப் போட்டுட்டுக் கிளம்புடா" என்றார் அப்பா. போட்டேன். அவனுக்கு விசா கிடைக்கவில்லை, அதனால் நின்றான். அவன் செய்த ஒரே காரியம் அதுதான்.

சித்தி இப்போதே தெருவெல்லாம் "எங்க டாக்டரு" என்று சொல்லித் திரிகிறாளாம், அக்கா சொன்னாள். இங்கே நான் தேய்ப்பதும் டாக்டர்களின் வெள்ளைக் கோட்டுதான். அவன் அளவுக் கோட்டு கையில் வந்தால் இரண்டு நொடி கூடுதலாக அழுத்துகிறேன்.

அதே போனில் இன்னொன்றும் கேட்டான். "என் டி.சி. ஒரிஜினலக் காணோம்ணா. வக்கீல் குமாஸ்தா உன் கவர்ல வச்சிட்டாரோ? வெள்ளிக்கிழமை கடைசி நாள். ஒரிஜினல் இல்லாம சேக்க மாட்டாங்களாம்."

பெட்டியைத் திறந்தேன். என் சான்றிதழுக்கு அடியிலேயே அவனுடையது ஒட்டிக்கொண்டு கிடந்தது.

"இங்க இல்லடா" என்றேன்.

அன்றைக்கு ருசித்துச் சாப்பிட்டேன். உண்மையைச் சொல்கிறேன்.

இன்று புதன்கிழமை. காலையில் மறுபடி கூப்பிட்டான். குரலே இல்லை.

"டூப்ளிகேட் வாங்க ஒரு மாசம் ஆகுமாம். விடுண்ணா, போனாப் போவுது."

"சீட்டு என்ன ஆகும்?"

"லிஸ்ட்டுல அடுத்து நிக்கிறவனுக்குப் போயிடும். எவனோ ஒருத்தன்."

இதை நான் யோசிக்கவே இல்லை. அவனுக்கு இல்லையென்றால் எனக்கு வந்துவிடும் என்பது போலல்லவா பூட்டி வைத்திருந்தேன்! நான் அலைந்து போட்ட வழக்கு. முகம் தெரியாத எவனோ நோகாமல் வந்து உட்காருவானா? அவனை நினைத்தால் டமாரத்தை நினைப்பதைவிட அதிகமாக எரிகிறது. அதற்கு இந்தத் தடியனே டாக்டராகித் தொலையட்டும். நான் திருந்திவிட்டேன் என்று அம்மா யாரிடமும் பெருமை பேச வேண்டாம். வயிற்றெரிச்சல் இன்னும் ஆறவில்லை.

எங்கள் கேன்டீன் அண்ணன் இன்றிரவு விடுமுறையில் ஊருக்குக் கிளம்புகிறார். நாளை மதியம் இரண்டு மணிக்கு இறங்குவார். டி.சி. அவருடைய கைப்பையில், நீலக் கவரில் இருக்கிறது. இதை யார் முதலில் பார்த்தாலும் டமாரத்தைக் கூட்டிக்கொண்டு விமான நிலையம் போய் வாங்கிவிடுங்கள். எங்கே கிடைத்தது என்று அவன் கேட்டால், என்னிடம்தான் இருந்தது, நான் பொய் சொன்னேன் என்று நீங்களே சொல்லிவிடுங்கள். எனக்கு வாய் வராது.