இரண்டாம் மாடிக்கு ஓர் அறிவிப்பு

தொடர்வண்டி நிலையத்தில் அவளைக் கேளாத செவி இல்லை. அவளைக் கண்ட கண்களோ மிகச் சில. கண்ணாடிக் கூண்டுக்குள் உயர்ந்த நாற்காலியில் ஏறி அமர்ந்து அவள் அறிவிக்கத் தொடங்கினால், நடைமேடையில் தலைதெறிக்க ஓடுபவனும் ஒரு கணம் நிற்பான். கூண்டைவிட்டு இறங்கினாலோ பயணச்சீட்டுச் சாளரத்தின் விளிம்புக்கும் தலை எட்டாது. சுற்றத்தார் இட்ட பெயர் அரைப்படி.

வளைந்த கால்களை நிமிர்த்த மறுநாள் காலை அறுவை சிகிச்சை. ஆனால் சில நாள்களாகக் கணுக்காலில் செம்புள்ளிகள் அரும்பின. பல் துலக்கினால் ஈறு கசிந்தது. கத்தி பட்டால் குருதி நிற்குமா என்று மருத்துவமனையின் முதல் மாடியில் கேட்டாள்.

"ரத்தம் மூணாம் மாடிம்மா. நான் எலும்பு மட்டுந்தான் பார்ப்பேன்" என்றார் எலும்பு மருத்துவர்.

மூன்றாம் மாடியில் நோயெதிர்ப்பு மருத்துவர், உடலைக் காக்க வேண்டிய அணுக்களே குருதியை உறையவைக்கும் தட்டணுக்களை அழிப்பதாகச் சொல்லி மாத்திரை எழுதினார். காலைக் காட்டியதும், "அது முதல் மாடி" என்றார்.

இறங்கும் வழியில், இரண்டாம் மாடியிலேயே நின்றுவிட்டாள்.

"வீட்டுக்குப் போலாம் வா. பெரிய டாக்டருங்க பார்த்துக்குவாங்க" என்றார் உடன் வந்த தாய்மாமன்.

"எலும்பு ஒரு மாடியில, ரத்தம் ஒரு மாடியில. நான் எந்த மாடியில மாமா இருக்கேன்?"

"இப்போதைக்கு லிஃப்ட்டுக்குப் பக்கத்துல."

அவள் சிரிக்கவில்லை. வரிசை எண்களைக் கூப்பிடும் மேசையில் ஆளில்லை, ஒலிவாங்கி இருந்தது. மாமன் கை நீட்டித் தடுக்குமுன் அவள் நாற்காலியில் ஏறிவிட்டாள்.

"பயணிகளின் கனிவான கவனத்திற்கு. முதல் மாடியிலிருந்து எலும்பு மருத்துவரும், மூன்றாம் மாடியிலிருந்து நோயெதிர்ப்பு மருத்துவரும், முப்பது ஆண்டுகள் தாமதமாக இரண்டாம் மாடிக்கு வந்து சேர்வார்கள். இருவரும் ஒன்றாகப் பார்க்கும்வரை நோயாளி இடம் பெயர மாட்டார். தடங்கலுக்கு வருந்தவில்லை."

மாடிகள்தோறும் பேச்சடங்கிற்று. பழக்கதோஷத்தில் ஒருவர் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வாயிலை நோக்கி நடந்தார்.

எலும்பு மருத்துவர் முகம் சிவக்கப் படியேறி வந்தார். "மைக்கை யார் கொடுத்தது?"

"நானே எடுத்துக்கிட்டேன். போலீஸைக் கூப்பிடுங்க, அவங்க வர்றதுக்குள்ள என் படத்தைப் பாருங்க."

மேலிருந்து இறங்கி வந்த நோயெதிர்ப்பு மருத்துவர் சிரிப்பை விழுங்கிக்கொண்டு ஊடுகதிர்ப் படத்தை வாங்கிச் சன்னல் வெளிச்சத்தில் பிடித்தார். சிரிப்பு மறைந்தது. முதுகெலும்புக் கட்டைகள் தட்டையாய் இருந்தன. கால் எலும்பின் நுனிகளில் எலும்பாக மறுத்த குருத்தெலும்பு தீவு தீவாய்த் தெரிந்தது.

"சார், இது ரெண்டு நோய் இல்ல போலிருக்கு."

எலும்பு கல்லன்று, ஆக்குவோனும் அழிப்போனும் ஒருங்கே குடியிருக்கும் கோயில். பழையதைக் கரைக்க ஓரணு, புதியதைக் கட்ட ஓரணு. அதைத்தான் நோயெதிர்ப்பு மருத்துவர் எளிதாக்கிச் சொன்னார்: "எலும்பைக் கரைக்கிற செல்லும், காவல் காக்கிற சில செல்லும் ஒரே வம்சம். ரெண்டுகிட்டயும் ஒரு நொதி இருக்கு. ஒரு புரதத்துல ஒட்டியிருக்கிற பாஸ்பேட்டை அது கழட்டிவிடணும். கழட்டலைன்னா எலும்பு கோணலா வளரும். காவல் செல், எதிரியே இல்லாம ஆபத்து ஆபத்துன்னு கூவும்."

"வண்டியே இல்லாம அறிவிப்பு மட்டும் வர்ற மாதிரி."

"அதேதான். ஆசிட் பாஸ்படேஸ்னு பேரு. டார்ட்ரேட்னு ஒரு உப்பைப் போட்டா அதோட சொந்தக்காரங்க எல்லாம் அடங்கிடுவாங்க. இது மட்டும் அடங்காது. உங்களுக்கு அதுதான் இல்லைன்னு சந்தேகப்படுறேன்."

மாமன் மருமகளை ஏற இறங்கப் பார்த்தார். "அது இவகிட்ட இல்லையா? அப்போ இந்த அடங்காத குணம் மட்டும் எங்கேருந்து வந்துச்சு?"

எலும்பு மருத்துவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. பேனாவை எடுத்து மறுநாள் அறுவையை அவரே அடித்துவிட்டார். "முதல்ல ரத்தம் சரியாகட்டும். அப்புறம் கால் வேணுமா வேண்டாமான்னு நீங்களே சொல்லுங்க."

மரபணுச் சோதனையின் முடிவு வந்தபோது இரு மருத்துவரும் ஒரே அறையில் அமர்ந்திருந்தார்கள். ஐயம் மெய்யாயிற்று.

"பொய்க் கூச்சலை அடக்க மருந்து இருக்கு. உயரம் மட்டும் இனிமே வராதும்மா" என்றார் எலும்பு மருத்துவர்.

"உயரம் யார் கேட்டா? அதுக்கு நாற்காலி இருக்கு. காரணம் கேட்டேன்."

"அப்பாகிட்டேருந்து ஒரு பழுது, அம்மாகிட்டேருந்து ஒரு பழுது. ரெண்டும் சேர்ந்தாத்தான் இப்படி. யார் மேலயும் தப்பில்ல."

மாமன் தலைகுனிந்தார். "புள்ளைக்குச் சரியா பால் கொடுக்காம இப்படி ஆக்கிட்டான்னு உங்கப்பன் வீட்டுல எல்லாரும் என் அக்காவைச் சொன்னாங்களேம்மா. கடைசிவரைக்கும் சொன்னாங்களே."

அவள் கைப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டாள்.

"எழுந்திரிங்க மாமா. அப்பாகூடப் பொறந்த அத்தை வீட்டுக்குத்தான் முதல்ல. மைக்கு இல்லாமலே தெரு முழுக்கக் கேக்கும்."