வேண்டாம் என்று சொன்ன ஊர்

தம்பி வீட்டுப் புல்வெளியில் அந்தப் பலகையைப் பார்த்ததும் வெர்னா காரை நிறுத்தினாள். ‘நீதிபதி டால்கிரென் வேண்டாம்’ என்று சிவப்பு எழுத்தில் அவள் பெயர். ஊருக்குள் நுழைந்ததிலிருந்து இதே பலகையைப் பார்த்துக்கொண்டுதான் வந்தாள். பள்ளிக்கூட வேலியில், தீவனக் கடை வாசலில், அவளுக்கு ஞானஸ்நானம் கொடுத்த தேவாலயத்துக்கு எதிர்வீட்டில். அங்கெல்லாம் கால் பிரேக்குக்குப் போகவில்லை.

ஆர்லன் காபிக் கோப்பையோடு வெளியே வந்தான். டிராக்டர் பழுதுபார்க்கிறவன். ஞாயிற்றுக்கிழமைச் சட்டையிலும் கிரீஸ் வாசனை போகாது.

“நான் நடல அக்கா. அவங்களா வந்து நட்டுட்டுப் போனாங்க. பிடுங்கினா கடைக்கு ஒருத்தன் வரமாட்டான்.”

“பிடுங்கச் சொன்னேனா?”

“நீ பார்த்த பார்வை அப்படி இருந்துச்சு.”

“ஒழுங்கா நடக்கூடத் தெரியல அவனுங்களுக்கு. சாஞ்சு நிக்குது பாரு.” வெர்னா குனிந்து பலகையை நிமிர்த்தி, அடியில் மண்ணைத் தள்ளிக் காலால் மிதித்தாள். ஆர்லன் சிரிக்க நினைத்துச் சிரிக்காமல் விட்டான்.

அந்த மாநிலத்தின் உச்ச நீதிமன்ற நீதிபதிகளை எட்டு வருடத்துக்கு ஒருமுறை மக்கள் முன்னால் நிறுத்துவார்கள். எதிர்த்து நிற்க ஆள் கிடையாது. இருக்கட்டுமா, வேண்டாமா, அவ்வளவுதான் கேள்வி. முன்பு இரண்டு தடவையும் ஜனங்கள் பெயரைக்கூடச் சரியாகப் படிக்காமல் ‘இருக்கட்டும்’ என்று போட்டுவிட்டுப் போனார்கள். லாரியில் வரும் கோதுமையை எடைபோட்டவரின் மகள் தலைநகரத்தில் கறுப்பு அங்கி போட்டு உட்கார்ந்திருக்கிறாள் என்பதில் ஊருக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

லைல் கொலைக்குப் பிறகு எல்லாம் மாறிப்போயிற்று. தானியக் கிடங்கை நடத்திவந்த லைலை அவனுடைய மேஜையிலேயே வைத்து யாரோ சுட்டார்கள். மாவட்டப் போலீஸ் தலைவரான ஷெரிஃப் ஸ்டென்ஸ்லி, ஜெரட் என்ற இளைஞனைப் பிடித்தார். வக்கீல் வேண்டும் என்று அவன் கேட்டான். “வக்கீலெல்லாம் மீன் பிடிக்கப் போயிருக்காங்க” என்று சிரித்தார் ஷெரிஃப். அவன் மறுபடி மறுபடி கேட்க, அவர் மறுபடி மறுபடி சிரிக்க, கடைசியில் வாக்குமூலம் வந்தது. ஆயுள் தண்டனையும் வந்தது. மேல்முறையீட்டில் ஏழு நீதிபதிகளில் நான்கு பேர் ஒரு பக்கம் நின்றார்கள். நால்வருக்காகவும் தீர்ப்பை எழுதியவள் வெர்னா. அந்த வாக்குமூலம் செல்லாது, அது இல்லாமல் வழக்கைத் திரும்ப விசாரியுங்கள் என்று எழுதினாள். ஜெரட் இன்னும் சிறையில்தான் இருந்தான். ஆனால் அவள் அவனைத் திறந்துவிட்டதாகத்தான் மாவட்டமே பேசியது.

தலைமை நீதிபதி ஹாலரன் அவளுக்கு வேண்டியவர். “ஊர்ப்பக்கம் போய் நல்லதனமா ரெண்டு வார்த்தை பேசிட்டு வா. அந்தத் தீர்ப்புக்கப்புறம் உனக்கும் தூக்கமில்லைன்னு சொல்லு” என்று சொல்லியிருந்தார்.

“நல்லா தூங்கறேனே ஹாலரன்” என்றிருந்தாள் வெர்னா.

ஆனாலும் இந்த ஞாயிற்றுக்கிழமை ஊருக்கு வந்தாள். வராமலிருந்தால் பயந்துவிட்டதாக ஆகிவிடும்.

ஆராதனை முடிந்து தேவாலயத்தின் கீழ்த்தளத்தில் சாப்பாடு. நீள மேஜைகள், பன்றித்தொடை, சீஸ் போட்டு வேகவைத்த உருளைக்கிழங்கு. வெர்னா தட்டோடு உட்கார்ந்ததும் அந்த மேஜையில் இருந்தவர்கள் ஒவ்வொருவராகக் காபி எடுக்க எழுந்து போனார்கள். யாரும் திரும்பி வரவில்லை. ஆர்லன் மட்டும் கரண்டியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு பக்கத்திலேயே இருந்தான். அப்போது லைலின் மனைவி மார்லிஸ் தட்டோடு வந்து எதிரே உட்கார்ந்தாள். கூடமே திரும்பிப் பார்த்தது.

“ஜட்ஜம்மா, உருளைக்கிழங்கு நான் செஞ்சது. நீங்க எடுத்துக்கவே இல்லையே.”

“எடுத்துக்கறேன்.”

“என் புருஷனைச் சுட்டது அவன்தானா, இல்லையா?”

“திரும்ப விசாரணை நடக்கப்போகுது மார்லிஸ். நான் அதைப் பத்திப் பேசக் கூடாது.”

“நான் பேசலாமில்ல?”

“நீ பேசலாம்.”

“அவரு எப்படிக் கிடந்தாரு, எவ்வளவு நேரம் உயிர் இருந்துச்சு, எல்லாத்தையும் அந்தக் கோர்ட்ல உக்காந்து கேட்டேன். முடிஞ்சுதுன்னு நினைச்சேன். இப்ப மறுபடி போய் உக்காரணும். உங்களால.”

ஸ்டென்ஸ்லியால் என்று சொல்ல வெர்னாவுக்கு நாக்கு வரை வந்தது. அது உண்மையும்கூட. ஆனால் எதிரே கண்ணிமைக்காமல் உட்கார்ந்திருப்பவளிடம் அதைச் சொன்னால் தப்பித்துக்கொள்கிற மாதிரி இருக்கும்.

“ஆமா. நான் எழுதினதாலதான்.”

“மன்னிப்புக் கேக்க வந்திருக்கீங்கன்னு சொன்னாங்க.”

“நீ படற பாட்டைப் பார்த்தா எனக்கு வலிக்குது. எழுதினதுக்கு மன்னிப்புக் கேக்க மாட்டேன். நாளைக்கு உன் பையனைப் பிடிச்சு உக்கார வச்சுட்டு அதே மாதிரி சிரிச்சாலும், நான் இதையேதான் எழுதுவேன்.”

“நான் வேண்டாம்னுதான் போடுவேன்.”

“போடு. அதுக்குத்தானே ஓட்டு.”

மார்லிஸ் எழுந்து போய்விடுவாள் என்று கூடமே எதிர்பார்த்தது. அவள் போகவில்லை. தட்டு காலியாகும் வரை அங்கேயே சாப்பிட்டாள். வெர்னாவும் சாப்பிட்டாள்.

நவம்பரில் வெர்னா தோற்றாள். சொந்த மாவட்டத்தில்தான் அடி பலமாக விழுந்தது. மறுநாள் காலை ஆர்லன் போன் செய்தான்.

“நான் இருக்கட்டும்னுதான் போட்டேன் அக்கா.”

“வெளியில சொல்லித் தொலைக்காதே. கடை இருக்கு.”

“சொல்லிட்டேன். கடையில வச்சுத்தான் சொன்னேன்.”



பதவி வருடக் கடைசி வரை இருந்தது. அதற்குள் இன்னொரு வழக்கு வந்தது. அதே ஷெரிஃப் அலுவலகம், வக்கீல் கேட்ட பிறகு வாங்கிய இன்னொரு வாக்குமூலம், இந்தத் தடவை ஒரு திருட்டு வழக்கில் ஒரு பெண்ணுடையது. நீதிபதிகள் கதவடைத்த அறையில் உட்கார்ந்து பேசியபோது, முன்பு அவளோடு நின்ற மூவரும் மேஜையைப் பார்த்துக்கொண்டே எதிர்ப்பக்கம் போனார்கள். அவர்களுக்கும் தேர்தல் வரப்போகிறது. ஏழு பேரில் அவள் ஒருத்தி மட்டும் மிஞ்சினாள்.

“உன் மறுப்புத் தீர்ப்பைப் பதிவுல சேர்த்துடறோம். கோர்ட்ல எல்லார் முன்னாலயும் வாசிக்கணுமா வெர்னா? இந்த வயசுல எதுக்கு?” என்றார் ஹாலரன்.

“நான் இன்னும் வீட்டுக்குப் போகலையே.”

தீர்ப்பு நாளன்று ஸ்டென்ஸ்லி சீருடையோடு முன்வரிசையில் வந்து உட்கார்ந்திருந்தார். அவருக்குச் சாதகமான தீர்ப்பை முதலில் வாசித்தார்கள். பிறகு வெர்னா தன் தாள்களை எடுத்தாள். முதல் பக்கம் முடிவதற்குள் ஸ்டென்ஸ்லி எழுந்தார். அவரோடு வந்தவர்களும் எழுந்தார்கள். பெஞ்சுகள் கிறீச்சிட்டன, யாரோ வேண்டுமென்றே இருமினார்கள், பூட்ஸ் சத்தம் நடைபாதை நெடுக நிதானமாகப் போயிற்று. வெர்னா மூக்குக்கண்ணாடியைக் கழற்றி அங்கியின் விளிம்பில் துடைத்தாள். கனத்த கதவு ஆடி ஆடி நிற்கும் வரை காத்திருந்தாள். பிறகு கண்ணாடியை மாட்டிக்கொண்டு, விட்ட இடத்திலிருந்து அல்ல, முதல் வரியிலிருந்து வாசிக்க ஆரம்பித்தாள், கதவுக்கு வெளியே இருப்பவர்களுக்கும் கேட்கிற குரலில்.