திறப்போம் என்று எழுதிய நோட்டு

1

இந்தக் கதை ஒரு திருட்டில் ஆரம்பித்தது. வீடு மாறும்போது அப்பாவின் தகரப் பெட்டியிலிருந்து ஒரு பழைய சுருக்கெழுத்து நோட்டை அவரைக் கேட்காமல் எடுத்துக்கொண்டேன்.

அப்பா காவல்துறையில் சுருக்கெழுத்தராக இருந்தவர். கம்யூனிஸ்டுகள் மீதான தடை போய்ச் சந்தேகம் மட்டும் போகாமல் இருந்த காலத்தில், சங்கக் கூட்டங்களில் மேடைக்கு நேர் எதிரே உட்கார்ந்து பேச்சை ஒரு சொல் விடாமல் எழுதிவருவதுதான் அவருடைய வேலை. ஒளிந்துகொண்டு அல்ல. மேசை நாற்காலி போட்டு, ஊரறிய.

இப்போது அவருக்கு எண்பத்து நான்கு வயது. நான் எழுதிக்கொண்டிருப்பது அவருக்குத் தெரியும். பக்கத்து அறையில் இருமுகிறார். அந்த இருமலில் பாதி எனக்காக.

2

முதல் தொடக்கம்: 'அன்று ஆலை வாசலில் மூவாயிரம் பேர் திரண்டிருந்தா—'

(இல்லை. மூவாயிரம் என்பது சங்கத்தின் பழைய துண்டறிக்கை சொல்வது. காவல்துறையின் தட்டச்சுப் பிரதியில் நூற்றைம்பது. அப்பாவின் நோட்டில் 'சுமார் நானூறு'. முதல் வரியிலேயே ஒரு கட்சியில் சேரவேண்டியிருக்கிறது.)

இரண்டாவது தொடக்கம்: 'அவள் மேடையேறியதும் காற்று—'

(காற்றை விட்டுவிடலாம். அது பாட்டுக்கு வீசட்டும்.)

மூன்றாவது. இதை வைத்துக்கொள்கிறேன்: நூற்பாலையில், ரீலிங் பிரிவில் நூல் சுற்றும் வேலை பார்த்த ஒரு பெண். வயது இருபத்தாறு. எல்லோருக்கும் அவள் ரீலிங்கக்கா. சங்கம் வைத்ததற்காக நிர்வாகம் ஆலையைப் பூட்டிப் பதினோரு நாள் ஆகியிருந்தது. சங்கத்துக்காரர்களுக்கு வாடகைக்கு வீடு கிடைக்காத காலம் அது. சித்தப்பா கட்சியில் இருக்கிறார் என்று தெரிந்தால் போதும், பையன் வேலைக்குப் போட்ட மனு கிணற்றில் போட்ட கல்தான்.

ரீலிங்கக்கா வேகமாகப் பேசுவாள். அப்பாவின் பென்சில் பின்தங்கினால் பேச்சை நிறுத்திவிட்டு, "அண்ணே, எழுதியாச்சா? மேல போகட்டுமா?" என்று கேட்பாள். கூட்டம் சிரிக்கும். அப்பா தலையாட்டுவார்.

"இருபத்தெட்டு வருஷ சர்வீஸ்ல என்னை அப்படிக் கேட்ட ஒரே ஆளு அவதான்" என்று அப்பா ஒருமுறை சொன்னார். சொல்லியிருக்கக் கூடாதோ என்பதுபோல் உடனே எழுந்து போய்விட்டார்.

3

அன்றைய பேச்சின் கடைசி வாக்கியம் இது: "நாளைக்குக் காலையில இந்தக் கதவு திறக்கலன்னா, நாமளே..."

நோட்டைப் பார்த்து அப்பா அடித்துக் கொடுத்து, நீதிமன்றத்துக்குப் போன தட்டச்சுப் பிரதியில் அடுத்த சொல் 'உடைப்போம்'. கீழே சிவப்புக் கோடு. நீதிமன்றம் அந்தச் சொல்லுக்காக அவளுக்கு இரண்டு வருடம் கொடுத்தது. மேடையில் பேசிய அன்று அவள் ஐந்து மாதக் கர்ப்பிணி.

நோட்டில் இருப்பது 'திறப்போம்'. சின்ன வயதில் ஒரு விடுமுறையில் அப்பாவே எனக்குச் சுருக்கெழுத்து கற்றுக்கொடுத்திருக்கிறார், கையில் ஒரு தொழில் இருக்கட்டும் என்று. அதனால் எனக்குப் படிக்கத் தெரியும். இரண்டு சொல்லுக்கும் கோடு வேறு. கை தவறி ஒன்றை இன்னொன்றாக எழுத முடியாது.

விஷயம் வெட்டவெளிச்சம் என்று நினைத்தேன். மேலிடம் சொல்லை மாற்றச் சொன்னது, அப்பா மாற்றினார். ஒரே வாரத்தில் கதையை எழுதி முடித்தேன். கொடூரமான இன்ஸ்பெக்டர், நிரபராதித் தொழிலாளி, கோழையான எழுத்தர்.

(கோழை என்ற சொல்லை நான்கு முறை அடித்து, ஐந்து முறை எழுதினேன்.)

அப்புறம்தான் அவரிடம் கேட்டேன். முதலில் கேட்டிருக்க வேண்டும்.

"அப்பா, நோட்டுல திறப்போம்னு இருக்கு."

அவர் டிவியின் சத்தத்தைக் கூட்டினார்.

"எந்த நோட்டு?"

"ஆலை வாசல் கூட்டம்."

"அது மழையில நனைஞ்சு வீணாப் போச்சு."

"என் கையில இருக்குப்பா."

"நனைஞ்சு போச்சுன்னு கோர்ட்ல சத்தியம் பண்ணிச் சொல்லியிருக்கேன். நீ பாட்டுக்கு இருக்குன்னு எழுதினா, என் பென்ஷன் என்ன ஆகும்?"

"பயமா இருந்தா அன்னைக்கே கிழிச்சுப் போட்டிருக்கலாமே?"

"அரசாங்கச் சொத்தும்மா. எப்படிக் கிழிக்கிறது?"

4

ரீலிங்கக்கா இன்னும் உயிரோடு இருக்கிறார். எழுபத்தாறு வயது. மாடியில் ஒற்றை அறை, ஒரு பெஞ்சு, கட்டுக் கட்டாகத் துண்டறிக்கைகள். அப்பாவை அண்ணே என்று கூப்பிட்டவரை நான் வேறெப்படி அழைப்பது? அத்தை என்றேன். கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். நான் கதையைப் படித்தேன். அந்த வாக்கியம் வந்ததும் கையை உயர்த்தினார்.

"நிறுத்து. நான் திறப்போம்னா சொன்னேன்?"

"நோட்டுல அப்படித்தான் இருக்கு அத்தை."

"நோட்டு கெடக்கட்டும். உடைப்போம்னுதான் சொன்னேன். பூட்டும் அவங்க கையில, சாவியும் அவங்க கையில. எதை வச்சுத் திறக்கிறது, சுண்டு விரலையா?"

என் கதை அந்த இடத்தில் செத்தது. ஒரு வார உழைப்பு.

"அவ்வளவு பேரு முன்னாடி சொன்னேன். அதுக்கு உள்ள போனேன். புள்ளையும் அங்கதான் பொறந்தான். இப்ப பேங்க்ல மேனேஜர், யூனியன் ஆளுங்க வந்தா தெருவை மாத்திப் போறான். அது வேற கதை. சொல்லாததுக்கு ஜெயிலுக்குப் போனேன்னு எழுதி என்னைப் பச்சப்புள்ளை ஆக்கிடாத."

அப்படியானால் பொய் எழுதியிருப்பது தட்டச்சுப் பிரதி அல்ல, நோட்டு. அதாவது அப்பா. நான் யோசிக்காமல் சொல்லிவிட்டேன்: "அந்த நோட்டைக் காட்டியிருந்தா நீங்க விடுதலையாகியிருப்பீங்க அத்தை. அப்பா அது நனைஞ்சு போச்சுன்னு சொல்லியிருக்காரு."

அத்தை கண்ணைத் திறந்தார்.

"அப்ப அண்ணன் முதல்ல எனக்காக மாத்தி எழுதியிருக்காரு. அப்புறம் தனக்காக நனைச்சுட்டாரு."

"கோபமா அத்தை?"

"கோபப்படுறதுக்கு ஆள் எதிர்ல இருக்கணும்ல? ஞாயித்துக்கிழமை சாயங்காலம் அஞ்சு மணிக்குத் துப்புரவுத் தொழிலாளர் கூட்டம். நான் பேசுறேன். வரச் சொல்லு."

5

அப்பாவிடம் சொன்னேன். இந்த முறை அவரே டிவியை அணைத்தார். அவர் சொன்னதை ஒழுங்குபடுத்தாமல் தருகிறேன்.

"வயித்துப் புள்ளைக்காரி. அவ சொன்னது காதுல விழுந்துச்சு. கை வேற எழுதிருச்சு. நான் யோசிச்செல்லாம் எழுதல. ஆனா இன்ஸ்பெக்டர் அன்னைக்குக் கூட்டத்துல பின்னாடி நின்னு கேட்டிருக்காரு. என்னய்யா, காதுல பஞ்சான்னாரு. அப்புறம், உன் மச்சினனும் அதே சங்கத்துலதானாமேன்னு கேட்டாரு, டீ குடிச்சிக்கிட்டே. உங்க மாமாவுக்கு அப்பத்தான் கல்யாணம் நிச்சயமாயிருந்துச்சு. மாத்தி அடிச்சுக் குடுத்துட்டேன்."

"கோர்ட்ல?"

"அவ வக்கீல் நோட்டைக் கேட்டாரு. காட்டினா அவ வெளிய, நான் உள்ள, உங்க மாமா என்ன ஆவாரோ. நனைஞ்சு போச்சுன்னேன். அவ கூண்டுல நின்னா. அண்ணேன்னு கூப்பிடுவாளோன்னு எனக்குப் பயம். அவ என்னைப் பார்க்கவே இல்ல. அதுதான் எனக்கு..."

(அந்த வாக்கியத்தை அவர் முடிக்கவில்லை. நான் முடித்துவைத்தால் அது இன்னொரு தட்டச்சுப் பிரதி.)

6

முடிவுகள் என்று இதுவரை எழுதியவை:

அப்பா கூட்டத்துக்குப் போகிறார். அத்தை மேடையிலிருந்தே அவரை மன்னிக்கிறார். கைதட்டல். (எழுதும்போதே பல் கூசியது. அத்தை படித்தால் என்னை மாடியிலிருந்து தள்ளிவிடுவார்.)

அப்பா போகவில்லை. நான் மட்டும் போய், உடம்பு சரியில்லை என்று பொய் சொல்கிறேன். (எங்கள் வீட்டில் இது புதிதல்ல.)

ஞாயிற்றுக்கிழமைக்கு முன்பே அப்பா— (எழுதிய கையோடு எழுந்துபோய் அவர் மூச்சு சீராக இருக்கிறதா என்று பார்த்தேன். அன்று மூன்று முறை போய்ப் பார்த்தேன். மூன்றாவது முறை, "என்னம்மா வேணும்?" என்றார். மின்விசிறியைக் குறைக்க வந்ததாகச் சொன்னேன்.)

இவை மூன்றிலும் ஒரே குறை. மூன்றும் என் பயத்தைப் போக்கிக்கொள்ள எழுதியவை. கதை வெளிவந்தால் யாராவது பழைய வழக்கைக் கிளறுவார்களா? ஐம்பது வருடம் ஆன பிறகும் அரசாங்கம் ஒரு கிழவரைக் கேள்வி கேட்குமா? கேட்காது என்று ஒரு வழக்கறிஞர் சொன்னார். 'பெரும்பாலும்' என்றும் சேர்த்துக்கொண்டார். அந்த ஒரு சொல் என் தூக்கத்தைக் கெடுக்கிறது.

7

இன்று ஞாயிற்றுக்கிழமை. மணி நாலரை. நான் மடிக்கணினியோடு கூடத்தில் உட்கார்ந்திருக்கிறேன்.

அப்பா மூன்று மணிக்கே சட்டை மாற்றிவிட்டார். போகிறேன் என்றும் சொல்லவில்லை, போகவில்லை என்றும் சொல்லவில்லை. தலையைச் சீவினார். கண்ணாடியைத் துடைத்தார். இரண்டு முறை கழிவறைக்குப் போய்வந்தார். இப்போது வாசற்படியில் உட்கார்ந்து ஒரு காலில் செருப்பை மாட்டியிருக்கிறார். இன்னொன்று கையில் இருக்கிறது. முகத்தை என் பக்கம் திருப்பாமல் கேட்கிறார்:

"ஏம்மா, அங்க குறிப்பெடுக்க ஆள் வந்திருப்பாங்களா?"

வந்திருப்பார்கள் என்று பயந்து கேட்கிறாரா? யாராவது வந்து எழுதிக்கொள்ள வேண்டும் என்று ஆசைப்பட்டுக் கேட்கிறாரா? அவர் முகம் தெரியவில்லை. தெரிந்திருந்தாலும் எனக்குப் படிக்கத் தெரிந்திருக்குமா என்பது சந்தேகம்தான். தவறான பதில் சொன்னால் அந்த ஒற்றைச் செருப்பையும் கழற்றிவிட்டு உள்ளே போய்விடுவார்.

நீங்களாக இருந்தால் என்ன சொல்வீர்கள்? கொஞ்சம் சீக்கிரம் சொல்லுங்கள். பேருந்து நிறுத்தம் வரை அவர் நடந்தாக வேண்டும்.