பத்திரத்தில் எழுதாத விலை

பீங்கான் கடை பதுருன்னிசாவிடம் பேரம் பேசி ஜெயித்தவர் விருத்தாசலத்தில் யாருமில்லை. சூளையிலிருந்து வரும் பொம்மைக்கும் பேரம், கொத்தமல்லிக் கட்டுக்கும் பேரம். இருபது வருஷமாக அவள் கடைப் பொம்மைகளுக்கு வர்ணம் பூசிக் கொடுக்கும் கொளஞ்சியம்மாளுக்கு இது தெரியாதா என்ன! தெரிந்தும் அந்த அக்கா மேல் அப்படி ஒரு பிரியம்.

இரண்டு வருஷத்துக்கு முன் மகள் கயல்விழியின் நர்சிங் படிப்புக்காகக் கொளஞ்சி தன் நிலத்தில் இருபது சென்ட் விற்றாள். வாங்கியது பதுருன்னிசாதான், சென்ட் ஐம்பதாயிரத்துக்கு. பத்திரச் செலவைக் கேட்டதும் அக்காவின் முகம் சுண்டிப்போனது. பார்க்கப் பொறுக்காமல் கொளஞ்சியே சொன்னாள்: "சர்க்காரு மதிப்பு சென்ட்டுக்கு ஒம்போதாயிரந்தான அக்கா, அதையே எழுதிக்குங்க. என் கைக்குப் பணம் வந்தா போதும்." ஊரில் எல்லோரும் செய்வதுதான்.

அந்த வாய்தான் இப்போது வினையாய் முடிந்தது. புறவழிச்சாலைக்கு அவளுடைய மிச்ச நிலம் ஒரு ஏக்கரும் போகிறது. அக்காவின் இருபது சென்ட் தப்பிவிட்டது. அந்தப் பக்கம் மூன்று வருஷத்துக்குள் பதிவான பத்திரங்களை வைத்துத்தான் இழப்பீடு போடுவார்களாம். பதிவானது ஒன்றே ஒன்று, அவளே எழுதிக் கொடுத்தது. மேலே என்னென்னவோ சேர்த்துக் கொடுத்தாலும், வருகிற பணத்தில் வேறு இடத்தில் அரை ஏக்கர்கூட வாங்க முடியாது.

உண்மை விலை போட்டு அப்போது இருவரும் கையெழுத்திட்ட கிரய ஒப்பந்தம் அக்காவின் பீரோவில் இருந்தது. அது வெளியே வந்தால், குறைத்துக் கட்டிய முத்திரைக் கட்டணம் அபராதத்தோடு அக்கா தலையில் விழும். தான் சொல்லித்தானே அவள் எழுதினாள்? எந்த முகத்தோடு போய்க் கேட்பது? பத்திரத்தைப் பார்த்து விலை வைத்துவிட்டார்கள், திங்கட்கிழமை விசாரணை என்று மட்டும் அக்காவிடம் சொல்லிவிட்டு வந்தாள்.

விசாரணையில், விலை போதாது என்பதற்கு என்ன ஆதாரம் என்று தாசில்தார் கேட்டார். கொளஞ்சியின் பின்னாலிருந்து வந்த பதுருன்னிசா மேஜைமேல் ஒப்பந்தத்தை வைத்தாள்.

"நெசமான வெல இதுதாங்க. கொறச்சி எழுதிக்கிட்டது நான்."

தாசில்தார் இரண்டு தரம் படித்தார். விலையைத் திரும்பக் கணக்கிட எழுதி அனுப்புவதாகச் சொன்னார். ஆனால் விட்டுப்போன கட்டணத்தையும் அபராதத்தையும் அந்தம்மா கட்டவேண்டி வரும் என்றார்.

"எவ்ளோ வரும்னு சொல்லுங்க, கட்டிடறேன்."

கொளஞ்சி காத்திருந்தாள். கொஞ்சம் குறைத்துப் போடுங்கள் என்று அடுத்த வார்த்தை வரும், வந்தே தீரும். வரவில்லை.

வெளியே வந்ததும் பதுருன்னிசா பிடித்துக்கொண்டாள். "ஏன்டி, எங்கிட்ட வாயத் தொறந்து கேட்டா கொறஞ்சா பூடுவ?"

பிறகு, பஸ் ஸ்டாண்டுக்கு எண்பது ரூபாயா என்று ஆட்டோக்காரரோடு பத்து ரூபாய்க்கு மல்லுக்கட்டத் தொடங்கினாள். கொளஞ்சிக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது.