பெயிண்டுக்கு அடியில் இருந்த ஓட்டைகள்

"உன்னை யாருடி வாயைத் திறக்கச் சொன்னா? சும்மா இருந்திருந்தா—"

"சும்மா இருந்தா காலு தானா வத்திடுமாக்கா—"

"வீங்கினா வீங்கிட்டுப் போகுது, வேலை—"

"வேலை வேணும்னுதான் போய்ச் சொன்னேன்!"

சோப்புத் தொழிற்சாலையின் உடை மாற்றும் அறையில் அக்காவும் தங்கையும் ஒருவர் பேச்சை ஒருவர் மிதித்துக்கொண்டிருந்தார்கள். இருவர் தலையிலும் மஞ்சள் தொப்பி. நீலத் தொப்பி நிரந்தரம், மஞ்சள் தற்காலிகம். தங்கைக்குச் சிறுநீரகம் பழுது. டயாலிசிஸில் ஓடுகிறது உயிர். நின்றபடி சோப்பு அடுக்க முடியவில்லை, உட்காரக் கேட்டால் நாளையிலிருந்து வராதே என்கிறார்கள் என்று முந்தைய நாள் தொழிலாளர் அலுவலகத்தில் சொல்லிவிட்டு வந்திருந்தாள்.

"மஞ்சத் தொப்பிக்கு எவன்டி சட்டம் எழுதி வச்சிருக்கான்? உன் வாயால என் வேலையும் போகப் போகுது, பாரு."

அக்கா தொப்பி மடிப்புக்குள் சின்னதாக எதையோ செருகிக்கொண்டு எழுந்தாள். நாலு எட்டு வைப்பதற்குள் அவளுக்கு மூச்சு வாங்கியது.

வேலை தொடங்கிய சற்று நேரத்தில் அந்த அலுவலகத்து அதிகாரி வந்து நின்றார். ஒல்லியான பெண்மணி. குரலும் ஒல்லி.

"இவங்க காண்ட்ராக்டர் ஆளு மேடம்" என்றார் சூப்பர்வைசர்.

"நான் ஆளை அனுப்புறதோட சரி. வேலை வாங்குறது இவருதானே?" என்றார் காண்ட்ராக்டர்.

"பந்து விளையாட நான் வரலை. அனுப்புறவரும் பொறுப்பு, வேலை வாங்குறவரும் பொறுப்பு. ஒருநாள் வேலைக்கு வந்தவங்களா இருந்தாலும் வியாதியைக் காட்டி நிறுத்தக் கூடாது. டயாலிசிஸுக்குப் போக விடணும். உட்கார்ந்து செய்ய வழி பண்ணிக் குடுக்கணும். சட்டம் தொப்பி கலரைப் பார்க்கறதில்ல."

"நாற்காலி போட்டா சோப்பு ஓடி வர்ற பெல்ட் மூக்குல இடிக்குமே மேடம்! அதோட உயரம் பொறந்ததுலேர்ந்து அதேதான்" என்றார் சூப்பர்வைசர்.

பெல்ட் நின்றது. எல்லோரும் ஸ்பேனர் என்று கூப்பிடும் மெக்கானிக், தனிக் கால்களில் நின்ற அதன் கடைசித் துண்டுக்குக் கீழே குனிந்தார். "இறங்குமான்னு எனக்கும் தெரியலை, பார்ப்போம்" என்று இரும்புக் காலைச் சுரண்டினார். பச்சை பெயிண்ட் செதில் செதிலாக உதிர்ந்தது. உள்ளே ஓர் ஓட்டை தெரிந்தது. அதற்குக் கீழே இன்னொன்று. அதற்கும் கீழே இன்னொன்று.

"அட, இறக்கி ஏத்தத்தான்யா செஞ்சிருக்கான்! நாமதான் பெயிண்ட் அடிச்சு அடிச்சு மூடிட்டோம்."

நீலத் தொப்பிகளும் எட்டிப் பார்த்தன. ஒருத்தி விரலை நீட்டி ஓட்டையைத் தொட்டுப் பார்த்தாள், பிறந்த குழந்தையின் உள்ளங்காலைத் தொடுவதுபோல.

நட்டு கழன்றது. நான்கு பேர் தாங்கிப் பிடிக்க, இத்தனை காலம் அசையாத இரும்பு மெல்ல இறங்கி, இன்னொரு ஓட்டையில் போய் உட்கார்ந்தது. நாற்காலிதான் இல்லை. எல்லோரும் சூப்பர்வைசரைப் பார்த்தார்கள். அவர் தன் அறைக்குப் போய் தன்னுடைய சுழல் நாற்காலியையே உருட்டிக்கொண்டு வந்தார்.

"பார்த்து உட்காரும்மா, சுத்தும்" என்றார், முகத்தை எங்கோ வைத்துக்கொண்டு.

"அடியே, முதலாளியம்மா!" என்று யாரோ கத்த, கூடமே சிரித்தது. பெல்ட் ஓடியது. சோப்புகள் சரிவில் இறங்கி, தங்கையின் கைக்குத் தாமாக வந்து சேர்ந்தன. யாரும் உட்கார்ந்து பார்க்காத இடத்தில் அவள் உட்கார்ந்திருந்தாள்.

அக்கா வாய் திறந்தபடி நின்றாள். பிறகு தொப்பியைக் கழற்றினாள். மடிப்பிலிருந்து ஒரு மாத்திரைப் பட்டையை எடுத்துத் தங்கையின் மடியில் வைத்தாள். தங்கை அதை இதுவரை பார்த்ததில்லை.

வாசலை நெருங்கிவிட்ட அதிகாரியின் முதுகைப் பார்த்தபடியே, தழைந்த குரலில் அக்கா கேட்டாள்:

"ஏன்டி, நெஞ்சு வலின்னாலும் அந்தம்மாகிட்ட சொல்லலாமா?"